பாம்புக்கு நடுங்குகிறோம், லாரிக்கு ஏன் நடுங்குவதில்லை?

மலேசியாவில் கிள்ளானிலிருந்து பந்திங் போகும் சாலையில், தெலுக் பங்லிமா காராங் வந்ததும் வலப்பக்கம் திரும்பினால் லங்காட் ஆற்றின்மேல் ஒரு பாலம். அக்கரை கேரித் தீவு. கண்ணுக்கு எட்டிய தூரமெல்லாம் செம்பனை. குலை வெட்டுகிறவர் நீண்ட கம்பின் நுனியில் பூட்டிய அரிவாளால் மட்டையை அறுத்து, பிறகு குலையைச் சாய்ப்பார். அறுத்த மட்டைகளை இரண்டு வரிசை மரங்களுக்கு நடுவே அடுக்கிப் போடுவார்கள். அந்த அடுக்குக்குள் எலி குடியேறும். எலியைத் தேடி நாகமும் சாவா என்னும் மலைப்பாம்பும் வரும். உதிர்ந்த பழம் அந்த அடுக்கின் ஓரத்தில் உருண்டு கிடந்தால், தோட்டத்தில் வளர்ந்தவர் யாரும் சட்டென்று கையை நீட்டிப் பொறுக்க மாட்டார். குச்சியால் ஒரு தட்டு, கொஞ்சம் பொறுத்து இன்னொரு தட்டு, அதற்கப்புறம்தான் கை போகும்.

“நெனச்சுத் தட்டுறது இல்ல தம்பி, கை தானா தட்டிரும்” என்றார், வாழ்நாளெல்லாம் குலை வெட்டி ஓய்வுபெற்ற பெரியவர் ஒருவர். தே தாரிக்கைக் குடித்து முடித்துவிட்டு எழுந்தார். காலில் ஜப்பான் செருப்பு. தலைக்கவசத்தின் வார் பூட்டாமல் தொங்கியது. கப்சாய் மோட்டார் சைக்கிளை உதைத்து, வடக்குத் துறைமுகத்துக்கோ மேற்குத் துறைமுகத்துக்கோ கொள்கலன் ஏற்றிப் போகும் லாரிகளின் வரிசைக்குள் நுழைந்தார். ஒரு லாரியின் பின்சக்கரம் அவருடைய முழங்காலுக்கு ஓர் அடி தூரத்தில் உருண்டது. அவர் முகத்தில் ஒரு சலனமும் இல்லை.

கணக்கைப் பார்த்துவிடுவோம். மலேசியாவில் 2010 முதல் 2014 வரை ஐந்தாண்டுகளில் பதிவான பாம்புக்கடிகள் ஏறக்குறைய 16,000. அவற்றில் இறந்தவர்கள் 16 பேர். 2019ஆம் ஆண்டில் மட்டும் இந்நாட்டுச் சாலைகளில் இறந்தவர்கள் 6,167 பேர். ஆண்டுதோறும் சாலையில் சாகிறவர்களில் பாதிக்கு மேற்பட்டோர் மோட்டார் சைக்கிளில் போனவர்கள். வீட்டுக் கழிவறையில் ஒரு பாம்பு தலைகாட்டினால் போம்பா என்னும் தீயணைப்புப் படைக்கும் பொதுத் தற்காப்புப் படைக்கும் ஒரே நேரத்தில் போன் போகிறது, தெருவே திரண்டு வருகிறது. இரவு பத்து மணிக்குப் பின்விளக்கு எரியாத கப்சாயில் மகன் கிளம்பும்போது “சீக்கிரம் வாடா” என்பதோடு நாம் நிறுத்திக்கொள்கிறோம்.

அந்தப் பெரியவரைக் குறைசொல்ல எனக்கு மனம் வரவில்லை. அவர் கவனக்குறைவானவர் என்றால் மட்டை அடுக்குகளுக்கு நடுவே இத்தனை வருடம் உயிரோடு இருந்திருக்க முடியாது. அவருடைய பயம் சரியாகத்தான் வேலை செய்கிறது. அது வேறொரு காலத்தில், வேறொரு நிலத்தில் பழகிய பயம், அவ்வளவுதான். அந்தப் பயம் எங்கிருந்து வந்தது, இன்று நம்மை எங்கெல்லாம் காக்கிறது, எங்கெல்லாம் கைவிடுகிறது என்று பார்க்க தெலுக் பங்லிமா காராங்கைவிட நல்ல இடம் எனக்குத் தெரியவில்லை. அலையாத்திக் காடு ரப்பர்த் தோட்டமாகி, ரப்பர் செம்பனையாகி, பக்கத்திலேயே தொழிற்சாலைகள் முளைத்து, இன்று கொள்கலன் லாரிகள் ஓடும் ஊர் இது. 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் வாலன்டைன் கேரி என்ற ஆங்கிலேயர் இந்தச் சதுப்புத் தீவில் ரப்பர் நட வந்தது முதல் இன்றுவரை நான்கைந்து தலைமுறைகள்தான் கடந்திருக்கின்றன. நம் இனம் தோன்றி மூன்று லட்சம் ஆண்டுகள். உடலையும் மனத்தையும் வடிக்கும் இயற்கைத் தேர்வுக்கு நான்கைந்து தலைமுறை என்பது கண்ணிமைக்கும் நேரம்.

கண்ணாடிக்கு அப்பால் ஒரு விரியன்

சார்ல்ஸ் டார்வின் லண்டன் விலங்குக் காட்சிசாலையில் தன்னையே சோதித்துப் பார்த்தார். தடித்த கண்ணாடிக்குப் பின்னால் ஆப்பிரிக்க விரியன் ஒன்று. கண்ணாடியில் முகத்தை வைத்துக்கொண்டு, அது சீறிக் கொத்த வந்தாலும் பின்வாங்குவதில்லை என்று உறுதி எடுத்துக்கொண்டார். பாம்பு பாய்ந்தது. உறுதி பறந்தது. ஒன்றிரண்டு கஜம் பின்னால் துள்ளி நின்றார். வாழ்நாளில் பாம்புக்கடியே படாத ஒருவரின் அறிவும் மனவுறுதியும் அந்த நொடியில் ஒன்றும் செய்ய முடியவில்லை என்பதை 1872இல் வெளியான தம் நூலில் பதிந்து வைத்தார்.

பரிணாமக் கொள்கையை அவரோடு சேர்ந்து கண்டடைந்த ஆல்பிரட் ரஸ்ஸல் வாலஸ் நம் பக்கத்து ஆள். 1854இல் சிங்கப்பூர் வந்து, மலாக்காக் காடுகளில் வண்டும் பட்டாம்பூச்சியும் சேகரித்துவிட்டு, எட்டு ஆண்டுகள் மலாய்த் தீவுகளில் அலைந்தவர். அம்போன் தீவில் ஓர் ஓலைக் குடிசையில் ஓரிரவு தலைக்கு மேலே ஏதோ சரசரத்ததைக் கேட்டும் அப்படியே தூங்கிப் போனார். மறுநாள் கூரையைப் பார்த்தபோது மஞ்சளும் கறுப்புமாக ஏதோ தெரிந்தது. யாரோ ஆமையோட்டைச் செருகி வைத்திருக்கிறார்கள் என்று நினைத்தார். உற்றுப் பார்த்தால் சுருண்டு கிடந்தது பன்னிரண்டு அடி நீளச் சாவா. புரு தீவைச் சேர்ந்த ஒருவர் வந்து சுருக்குப் போட்டு இழுத்த பிறகே அது வெளியே வந்தது.

டார்வினின் கதை அந்தத் துள்ளல் எவ்வளவு ஆழமானது என்பதையும், வாலஸின் கதை பாம்பின் மறைந்துகிடக்கும் திறன் எவ்வளவு பெரியது என்பதையும் காட்டுகின்றன. மரத்தில் வாழ்ந்த நம் முன்னோர்களின் கண்ணுக்கு அது ஓயாத தேர்வு. அமெரிக்காவின் கலிபோர்னியாப் பல்கலைக்கழக டேவிஸ் வளாக மானிடவியலாளர் லின் இஸ்பெல் 2006இல் முன்வைத்த கருத்து இதுதான்: குரங்கினத்தின் கூர்மையான பார்வையையே பாம்புகள்தான் வளர்த்தெடுத்தன. புல்லுக்குள் சுருண்டு கிடப்பதை முந்திக் கண்டுபிடித்தவர் பிழைத்தார், பிள்ளை பெற்றார். அந்தக் கண்ணும் மூளையும் நமக்கு வந்திருக்கின்றன. இந்தக் கருத்தை எல்லா விஞ்ஞானிகளும் ஏற்றுக்கொண்டுவிடவில்லை. பழம் தேடியதும் பூச்சி பிடித்ததும்தான் பார்வையைத் தீட்டின என்போர் இருக்கிறார்கள். ஆனால் 2013இல் ஜப்பானின் தோயாமா பல்கலைக்கழகக் குழு கண்டது இஸ்பெல்லின் பக்கம் சாய்கிறது. பாம்பையே பார்த்திராத குரங்குகளின் மூளையில், பார்வையோடு தொடர்புடைய ஓர் ஆழமான பகுதியின் நரம்பணுக்கள் முகங்களையும் கைகளையும்விடப் பாம்புப் படத்துக்கு வேகமாகவும் வலுவாகவும் துடித்தன.

சாவாவை நாம் தூரத்து ஆபத்தாக நினைக்கிறோம். பிலிப்பைன்ஸின் லூசோன் தீவில் காட்டில் வாழ்ந்த ஆக்தா மக்களிடம் தாமஸ் ஹெட்லண்ட் பல்லாண்டு வாழ்ந்து குறிப்பெடுத்தார். ஹாரி கிரீனோடு சேர்ந்து 2011இல் அவர் வெளியிட்ட ஆய்வின்படி, அவர் கேட்ட ஆண்களில் கால்வாசிப் பேர் சாவாவின் தாக்குதலுக்கு ஆளாகிப் பிழைத்தவர்கள். கேரித் தீவின் மட்டை அடுக்குகளில் எலி தின்று கொழுக்கும் அதே இனப் பாம்புதான் அது. காட்டில் வாழ்ந்தவரை இந்தப் பயம் மூடநம்பிக்கையாக இருந்ததே இல்லை.

தமிழர்களுக்கு இதை இன்னொரு பக்கத்திலிருந்தும் சொல்ல வேண்டியிருக்கிறது. இந்தியாவில் 2000 முதல் 2019 வரை பாம்புக்கடியால் இறந்தவர்கள் ஏறக்குறைய 12 லட்சம் பேர் என்று 2020இல் வந்த ஓர் ஆய்வு கணக்கிட்டது. ஆண்டுக்குச் சராசரியாக 58,000. வயலில் வெறுங்காலோடு நடப்பவர், தரையில் பாய் விரித்துத் தூங்குபவர், மருத்துவமனை தூரமாக இருப்பவர் சாகிறார்கள். நம் பாட்டன் பூட்டன் கங்காணியோடு கப்பலேறி இங்கே வந்தபோது அந்தப் பயத்தையும் கொண்டுவந்தார்கள். தோட்டத்துப் புற்றுக்குப் பால் ஊற்றினார்கள், நாகம்மனுக்கு ஓர் இடம் ஒதுக்கினார்கள். இங்கே செருப்பும் சிமெண்டுத் தரையும் அரசு மருத்துவமனையில் விஷமுறிவு மருந்தும் வந்துவிட்டன. பயம் மட்டும் முழு அளவில் அப்படியே இருக்கிறது.

பயத்தைக் கற்றுக்கொடுப்பது யார்?

பயம் பிறவியிலேயே முழுதாக வந்துவிடுகிறதா? இல்லை. இதைத் தெளிவாக்கியவர் சூசன் மினேக்கா. 1980களில் அமெரிக்காவின் விஸ்கான்சினில், ஆய்வுக்கூடத்திலேயே பிறந்து வளர்ந்த ரீசஸ் குரங்குகளை அவர் ஆராய்ந்தார். பாம்பைப் பார்த்தும் அவை அவ்வளவாக அஞ்சவில்லை. காட்டில் பிடிபட்ட குரங்குகள் பாம்பைக் கண்டு அலறுவதை ஒருமுறை பார்த்தால் போதும், அவையும் அஞ்சத் தொடங்கின. அடுத்து ஒரு நுணுக்கமான வேலை செய்தார்கள். அதே அலறலைக் காட்டும் படத்தை வெட்டி ஒட்டி, குரங்கு பூவைப் பார்த்து அலறுவதுபோல் காட்டினார்கள். பூவைக் கண்டு அஞ்ச எந்தக் குரங்கும் கற்றுக்கொள்ளவில்லை.

ஆக, நமக்குள் இருப்பது பயம் என்பதைவிட, சிலவற்றுக்கு மட்டும் சீக்கிரமாகப் பயப்படக் கற்றுக்கொள்ளும் ஆயத்தம் என்றே சொல்ல வேண்டும். அந்த ஆயத்தம் அம்மாவின் முகத்தையும் அக்காவின் அலறலையும் பார்த்து உருப்பெறுகிறது. பாம்பைப் பார்த்து வீறிட்ட அம்மா, அதே பிள்ளையைத் தலைக்கவசம் இல்லாமல் மோட்டார் சைக்கிளின் முன்னால் நிறுத்தி ஓட்டிப் போகும்போது சிரித்த முகமாக இருக்கிறாள். பிள்ளை இரண்டையும் படித்துக்கொள்கிறது.

கற்றுக்கொள்வது என்றால் மாற்றியும் கற்றுக்கொள்ளலாம். சென்னைக்குத் தெற்கே வடநெம்மேலியில் 1978இல் தொடங்கிய இருளர் பாம்பு பிடிப்போர் கூட்டுறவுச் சங்கத்தினர் உயிருள்ள நாகத்தையும் கட்டுவிரியனையும் பிடித்து, விஷத்தை எடுத்துவிட்டு, திரும்பக் காட்டில் விடுகிறார்கள். இந்தியாவின் விஷமுறிவு மருந்துக்கான மூலப்பொருளில் பெரும்பங்கைத் தருவது அந்தக் கைகள்தாம். அவர்களில் மாசி சடையனும் வடிவேல் கோபாலும் 2017இல் அமெரிக்காவின் புளோரிடா வரை போய், அங்கே பெருகிவிட்ட மலைப்பாம்புகளைப் பிடித்துக் கொடுத்தார்கள். 2023இல் இருவருக்கும் பத்மஸ்ரீ கிடைத்தது. அவர்களுக்கும் டார்வினுக்கு இருந்த அதே மூளைதான். ஐந்து வயதிலிருந்து அப்பாவின் பின்னால் நடந்து, தடத்தையும் செதிலையும் எச்சத்தையும் படிக்கப் பழகியவர்களுக்கு அந்தத் துள்ளல் கூர்ந்த கவனமாக மாறிவிட்டிருக்கிறது. உள்ளுணர்வு தலையெழுத்து என்று யாராவது சொன்னால் இவர்களை நினைத்துக்கொள்ளுங்கள்.

ஆலைக்குள் வந்த ஆவி

இப்போது தெலுக் பங்லிமா காராங்கின் வரலாற்றில் நம் பத்திரிகைகள் அதிகம் பேசாத ஒரு பகுதிக்கு வருகிறேன்.

1970களில் இங்கே தடையற்ற வாணிப வட்டாரம் ஒன்று அமைந்தது. ஜப்பானிய ஆலைகள் வந்தன. சுற்றுவட்டாரக் கம்பங்களிலிருந்து இளம்பெண்கள், பெரும்பாலும் மலாய்ப் பெண்கள், வேலைக்குப் போனார்கள். அதுவரை அப்பாவின் கொக்கோத் தோட்டத்திலும் பக்கத்து வீட்டுத் திண்ணையிலும் கழிந்த பொழுது, மாற்றுவேளை மணிக்குக் கட்டுப்பட்டது. நுண்நோக்கிக்குள் கண்ணைப் பதித்து, மயிரிழை மெல்லிய கம்பியைச் சில்லில் பொருத்த வேண்டும். மணிக்கணக்கில், நாள்கணக்கில். கழிவறைக்குப் போகவும் மேற்பார்வையாளரிடம் அனுமதி கேட்க வேண்டும். மேற்பார்வையாளர் ஆண்.

பினாங்கில் பிறந்த மானிடவியலாளர் ஐவா ஓங் 1979–80இல் கோல லங்காட் மாவட்டத்தில் தங்கி இந்தப் பெண்களோடு பழகினார். 1987இல் வெளியான அவருடைய நூல் இன்று உலகப் பல்கலைக்கழகங்களில் பாடமாக இருக்கிறது. நுண்நோக்கிக்குள் ஆவியைப் பார்த்து அலறிய பெண்களைப் பற்றி அதில் எழுதியிருக்கிறார். ஒருத்தி அலறினால் பக்கத்து வரிசையும் அலறும். கட்டிப்பிடித்து அடக்க வந்த ஆண்களை உதறித் தள்ளுவார்கள். இது இந்த ஊரில் மட்டும் நடந்ததன்று. சுங்கை வேயில் ஒரு பெரிய மின்னணு ஆலையில் 1975இல் 40 பெண்களுக்கு இப்படி நேர்ந்தது. 1978இல் அங்கேயே 120 பேருக்கு. ஆலையை மூன்று நாள் மூடினார்கள். போமோ என்னும் மலாய் மந்திரவாதியை அழைத்து ஆடு வெட்டினார்கள்.

நிர்வாகங்கள் இதற்கு ஹிஸ்டீரியா என்று பெயர் வைத்தன. மாத்திரை கொடுத்து வீட்டுக்கு அனுப்பின. மறுபடியும் மறுபடியும் ஆவி பிடித்தவர்கள் வேலையை இழந்தார்கள்.

அந்த அலறலைப் புரிந்துகொள்ள ஒரு பழைய உவமையிலிருந்து தொடங்குவோம். இருட்டில் கிடக்கும் கயிற்றைப் பாம்பென்று மயங்குவதை நம் தத்துவ மரபு கயிற்றரவு என்று சொல்லி, மாயைக்கு உதாரணம் காட்டும். உயிரியல் அதைத் திருப்பிப் போடுகிறது. கயிற்றைப் பாம்பென்று நினைத்துத் துள்ளினால் நஷ்டம் ஒரு துள்ளல். பாம்பைக் கயிறென்று நினைத்து மிதித்தால் நஷ்டம் உயிர். ஆகவே நூறு முறை பொய்யாகத் துள்ளும் மனம்தான் பிழைத்து நம்மை வந்தடைந்திருக்கிறது. மருத்துவர் ராண்டால்ப் நெஸ்ஸி இதைப் புகை கண்டால் அலறும் எச்சரிக்கை மணியோடு ஒப்பிட்டார். தோசை கருகினாலும் அது அலறும், நாம் அதைக் கழற்றிப் போடுவதில்லை. இதே வழியில், புதரில் சரசரப்பு கேட்டால் காற்று என்று நினைப்பதைவிட யாரோ இருக்கிறார்கள் என்று நினைப்பதே மனத்துக்கு இயல்பு. ஸ்டீவர்ட் கத்ரி, ஜஸ்டின் பேரட் போன்ற ஆய்வாளர்கள் கடவுள், ஆவி பற்றிய எண்ணங்களுக்கே இதில் ஒரு வேர் உண்டு என்கிறார்கள். தோட்டத்து எல்லையில் முனியாண்டிக்குச் சூடம் ஏற்றிவிட்டு விடியற்காலை இருட்டில் பால் மரத்துக்குப் போன நம் பாட்டிகளுக்கும், கேரித் தீவின் சுங்கை பும்பூன் கம்பத்தில் சங்கிலியிட்ட புலியை மரத்தில் செதுக்கும் மா மெரி சிற்பிகளுக்கும் இந்த உணர்வு அந்நியமானதில்லை. புலி போய்விட்டது. அது இருந்த இடத்தில் மனம் இன்னும் ஓர் உருவத்தை நிறுத்தி வைத்திருக்கிறது. அந்த வழிபாட்டை இந்த விளக்கம் சிறுமைப்படுத்துவதாக நான் நினைக்கவில்லை. காட்டை மதித்து நடந்தவர்களின் பக்தி அது.

ஆக, அந்த ஆலைகளில் நடந்தது என்ன? உருவம் காணும் இயல்பு எல்லோருக்கும் உண்டு. பக்கத்திலிருப்பவரின் பயத்தைத் தொற்றிக்கொள்வதும் எல்லோருக்கும் உண்டு, மினேக்காவின் குரங்குகளுக்கும் உண்டு. ஆனால் அந்த ஆலைகளில் மேலாளர்களுக்கு ஆவி பிடிக்கவில்லை, மேற்பார்வையாளர்களுக்குப் பிடிக்கவில்லை. நாற்காலியைவிட்டு எழ முடியாதவர்களுக்குத்தான் பிடித்தது. அபாயம் என்று உடல் உணர்ந்தால் ஓடு, எதிர்த்து நில் என்றுதான் கட்டளையிடும். கண்ணை நுண்நோக்கியில் ஒட்டவைத்து, இலக்கு எண்ணிக்கையைச் சுவரில் எழுதிவைத்து, ஓடவும் எதிர்க்கவும் வழியில்லாமல் உட்காரவைத்தால் அந்தக் கட்டளை எங்கே போகும்? ஐவா ஓங் அந்த அலறலை எதிர்ப்பின் குரல் என்று படித்தார். வாய்விட்டுக் கேட்க முடியாததை ஆவியின் வாயால் அந்தப் பெண்கள் கேட்டார்கள் என்பது அவர் வாதம். அவருடைய வாசிப்பும் பரிணாம விளக்கமும் ஒன்றையொன்று மறுப்பதாக எனக்குத் தோன்றவில்லை. துப்பாக்கியின் உள்ளமைப்பைப் பரிணாமம் சொல்கிறது, விசையை யார் அழுத்தினார்கள் என்பதை ஓங் சொல்கிறார்.

பரிணாம உளவியலைப் படிக்கிறவர்கள் அடிக்கடி தவறவிடும் இடம் இது. எதையும் “கற்காலத்திலிருந்தே அப்படித்தான்” என்று சொல்லி முடித்துவிடலாம் என்ற சபலம் அந்தத் துறையில் உண்டு. ஸ்டீபன் ஜே கூல்ட் போன்ற உயிரியலாளர்கள் அதைக் கடுமையாகவே கண்டித்திருக்கிறார்கள். வாலஸே பின்னாளில் இயற்கைத் தேர்வால் மட்டும் மனித மூளையை விளக்க முடியாது என்று 1869இல் எழுதி டார்வினை வருத்தினார். வாலஸின் முடிவு எனக்கு ஏற்புடையதில்லை. ஆனாலும் ஓர் உள்ளுணர்வைக் கண்டுபிடித்ததும் விசாரணையை முடித்துவிடக் கூடாது என்ற எச்சரிக்கை தேவைதான். உள்ளுணர்வைக் காரணம் காட்டி அந்தப் பெண்களின் சம்பளத்தையும் கழிவறைக்குப் போகக் கேட்ட அனுமதியையும் மறந்துவிட்டால் அது விஞ்ஞானமே ஆகாது.

பயத்தைப் போலவே ஆசையும் பழையதுதான். தேனும் பழுத்த பழமும் அபூர்வமாகக் கிடைத்த காலத்தில் இனிப்பைக் கண்டதும் விடாதே என்று பழகிய நாக்கு இது. கெட்டிப்பாலும் சீனியும் கலந்த தே தாரிக் இருபத்து நான்கு மணி நேரமும் கிடைக்கும் ஊரில் அதே நாக்கோடுதான் உட்கார்ந்திருக்கிறோம். 2019இன் தேசிய சுகாதார ஆய்வில் மலேசிய இந்தியப் பெரியவர்களில் ஏறக்குறைய மூவரில் ஒருவருக்கு நீரிழிவு. அதே ஆண்டு ஜூலையில் அரசு இனிப்புப் பானங்களுக்கு வரி போட்டது. கடையில் “குராங் மானிஸ்”, அதாவது இனிப்பைக் குறையுங்கள், என்று ஒருவர் சொல்வதற்கு எவ்வளவு மனவுறுதி வேண்டியிருக்கிறது என்பது சொல்லிப் பார்த்தவர்களுக்குத் தெரியும்.

கண்ணுக்குத் தெரியாத வேகம்

சாலைக்குத் திரும்புவோம்.

பெரிதாகிக்கொண்டே வரும் உருவத்தைக் கண்டால் கைக்குழந்தைகூடத் தலையைப் பின்னால் இழுக்கும். நம்மை நோக்கி வருவதை மூளை அப்படித்தான் அளக்கிறது: விழித்திரையில் அதன் உருவம் எவ்வளவு வேகமாக விரிகிறது என்று பார்த்து. ஓடிவரும் புலிக்கும் எறியப்பட்ட கல்லுக்கும் இந்த அளவுகோல் போதுமானதாக இருந்தது. நூறு கிலோமீட்டர் வேகத்தில் தூரத்தில் வரும் வாகனத்தின் உருவம் கடைசி சில நொடிகள்வரை மெதுவாகத்தான் விரியும். அதற்கப்புறம் திடீரென்று கண்ணை நிறைக்கும். மோட்டார் சைக்கிள் ஒல்லி. ஒல்லியானது தூரத்தில் இருப்பதாகவும் மெதுவாக வருவதாகவும் கண் சொல்லும். சந்திப்பில் நின்று, மோட்டார் சைக்கிள் இன்னும் தள்ளித்தான் வருகிறது என்று நம்பி காரைத் திருப்பியவர் பொய் சொல்லவில்லை. அவர் கண் அவருக்குச் சொன்னது அதைத்தான்.

இந்த நாடு இதைப் புரிந்துகொண்டு உருப்படியாகச் செய்த வேலைகள் இரண்டு உண்டு. நாமோ அவற்றைப் பெருமையாகப் பேசுவதே இல்லை. 1992 செப்டம்பரில் மலேசியா மோட்டார் சைக்கிள்கள் பகலிலும் முன்விளக்கை எரியவிட வேண்டும் என்று கட்டாயமாக்கியது. கண் தவறவிடும் ஒல்லி உருவத்தைக் கண் தவறவிட முடியாததாக்கும் ஏற்பாடு இது. பேராசிரியர் ராடின் உமார் ராடின் சோஹாடியும் சகாக்களும் ஆராய்ந்தபோது, கண்ணில் படாததால் நேரும் மோட்டார் சைக்கிள் விபத்துகள் ஏறக்குறைய 29 விழுக்காடு குறைந்திருந்தன.

இன்னொன்று கூட்டரசு நெடுஞ்சாலையின் ஓரமாக ஓடும் மோட்டார் சைக்கிள் தனிப்பாதை. கோலாலம்பூரிலிருந்து கிள்ளான்வரை அதில் போய்வராத குடும்பம் நம்மில் குறைவு. மழை வந்தால் பாலத்துக்கடியில் நூறு பேர் ஒதுங்கி நிற்பார்களே, அந்தப் பாதைதான். உலகிலேயே முதல் முறையாக 1970களின் தொடக்கத்தில் இங்கே போட்டார்கள். ஷா ஆலாம் பகுதியில் அதை நீட்டித்த பிறகு மோட்டார் சைக்கிள் விபத்துகள் 39 விழுக்காடு குறைந்ததாக அதே ராடின் உமார் குழு கணக்கிட்டது. அந்தப் பாதையில் போகிறவரின் துணிச்சலையோ அலட்சியத்தையோ யாரும் திருத்தவில்லை. லாரியின் பக்கத்தில் பயப்படத் தெரியாதவர் என்று ஒப்புக்கொண்டு, அவரை லாரியின் பக்கத்திலிருந்து விலக்கிவிட்டார்கள்.

கிள்ளான்–பந்திங் சாலையில் அப்படி ஒரு பாதை வேண்டும் என்பது என் கோரிக்கை. ஆண்டுக்கு ஒரு கோடிக்கு மேற்பட்ட கொள்கலன்களைக் கையாளும் துறைமுகத்தின் லாரிகளும், ஆலைக்கு மாற்றுவேளை போகும் கப்சாய்களும், மாலையில் பேரப்பிள்ளையை ஏற்றிவரும் தாத்தாக்களும் ஒரே தாரில் ஓடுகிறார்கள். கேரித் தீவில் புதிய துறைமுகம் கட்டும் பேச்சு பல ஆண்டுகளாக இருக்கிறது. அது வந்தால் லாரிகள் இன்னும் கூடும். “கவனமாக ஓட்டுங்கள்” என்று அறிவிப்புப் பலகை வைப்பதால் மட்டும் நம் மனம் லாரியைப் பாம்பாகப் பார்க்கத் தொடங்கிவிடாது. பெருநாள் காலச் சோதனைகளும் சம்மன்களும் தேவையில்லை என்று சொல்லவில்லை. அவற்றை மட்டும் நம்பியிருப்பது, உள்ளே இல்லாத பயத்தை அபராதத்தால் உண்டாக்கப் பார்க்கும் வேலை.

பிள்ளைகள் விஷயத்தில் எனக்குப் பொறுமையே இல்லை. லண்டன் பல்கலைக்கழகத்தின் ராயல் ஹாலோவே கல்லூரியில் ஜான் வான் தலைமையில் 2011இல் வெளிவந்த ஓர் ஆய்வு, தொடக்கப்பள்ளி வயதுப் பிள்ளைகளின் கண்ணைச் சோதித்தது. மணிக்கு ஏறக்குறைய 32 கிலோமீட்டருக்கு மேல் வரும் வாகனத்தை, அது நம்மை நோக்கி வருகிறது என்றே அந்த வயதுக் கண்ணால் நம்பகமாக உணர முடிவதில்லை. பிள்ளை இருபக்கமும் பார்த்துவிட்டுத்தான் கடக்கிறது. பார்த்தும் தெரிவதில்லை. நம் பள்ளிகளுக்கு முன்னால் 30 என்று வட்டத்துக்குள் எழுதி வைத்திருக்கும் வேக வரம்பு, அந்தக் கண் எட்டும் எல்லைக்குச் சரியாக உள்ளே இருக்கிறது. தமிழ்ப்பள்ளிப் பெற்றோர் ஆசிரியர் சங்கங்கள் ஆண்டுக் கூட்டத்தில் கூரைக்கும் கணினிக்கும் பணம் கேட்பதோடு, வாசலில் வேகத்தடையும், பள்ளி தொடங்கி முடியும் வேளைகளில் லாரிகளுக்குத் தடையும் கேட்டு ஊராட்சி மன்றத்துக்கும் பொதுப்பணித் துறைக்கும் எழுத வேண்டும். எழுதும்போது அந்த 32 என்ற எண்ணையும் சேர்த்து எழுதுங்கள்.